ராஸ்னியின் பின்னால் வந்த தண்ணீர்

மலையைப் பார்த்துத் தலைவைத்துப் படுக்கிற பாலித் தீவின் ஜனங்களுக்குள்ளே, பெத்தேன் என்கிற கீழ்வயல் கிராமத்தில், ஒருநாள் காலை மெர்த்தாவின் மகள் ராஸ்னி பள்ளிக்கூடத்துக்குப் போவதற்காக வரப்பில் இறங்கி நடந்தபோது, வாய்க்காலில் தன்பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்த தண்ணீர் நின்று, திரும்பி, கரையேறி, அவள் பின்னால் நடக்க ஆரம்பித்தது.

அன்றைக்கு விடிந்ததிலிருந்து அவள் புதிதாக எதையும் செய்திருக்கவில்லை. அம்மா முர்னி சோறு அவித்து இறக்கியதும், வீட்டில் யாரும் வாயில் வைப்பதற்கு முன்னால், விரலகல வாழையிலைத் துண்டுகளில் ஒரு சிட்டிகைச் சோறும் இரண்டு கல் உப்பும் வைத்து அடுப்புக்கும் கிணற்றுக்கும் அரிசிப் பானைக்கும் வாசற்படிக்கும் படைத்துவிட்டு வருவது அவள் வேலை, அதைச் செய்தாள். படைத்ததைக் கொத்த வந்த கோழியை விரட்டினாள். அப்பாவின் சேவல்கள் தெருவை வேடிக்கை பார்க்கட்டுமென்று அவற்றின் மூங்கில் கூண்டுகளை ஒவ்வொன்றாகத் தூக்கிப்போய் மதிலோரம் வைத்தாள். வெள்ளைச் சட்டையும் சிவப்புப் பாவாடையும் போட்டுக்கொண்டு, "மேமே, போயிட்டு வர்றேன்" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுக் கிளம்பினாள். அந்த ஊரில் அம்மாவை மேமே என்றும் அப்பாவை பாபா என்றும் கூப்பிடுவார்கள். ஒன்பது வயசுப் பிள்ளை. பலாப்பிசின் தடவிய குச்சியால் தும்பி பிடிப்பதில் அவளை மிஞ்ச ஆளில்லை. சனிக்கிழமை சாயங்காலங்களில் ஊர் மண்டபத்தில் நாட்டியம் பழகினாள். விரல்கள் சொன்னபடி வளைந்தன, கண்கள் மட்டும் தாளத்துக்கு உருளாமல் வாசலில் போகிற பூனையின் பின்னால் போய்விடும்.

தண்ணீரை முதலில் பார்த்தது வாத்து மேய்க்கிறவன். அவனுடைய வாத்துகள் அவன் வயலில் நட்டுவைத்த கொடிக்கம்பத்தைவிட்டு விலகித் தண்ணீரின் பின்னால் போயின. ஆகவே அவனும் போனான். பள்ளிக்கூடத்து வாசலில் ராஸ்னி திரும்பிப் பார்த்து, நாயை விரட்டுகிற மாதிரி, "போ, வீட்டுக்குப் போ" என்றாள். தண்ணீர் ஒரு நிமிஷம் தயங்கியது, பிறகு படியேறி வகுப்புக்குள் வந்தது. பிள்ளைகள் காலைத் தூக்கி பெஞ்சின்மேல் வைத்துக்கொண்டார்கள். ஆசிரியர் கால்சட்டையை முழங்கால்வரை சுருட்டிவிட்டுக்கொண்டு பெருக்கல் வாய்ப்பாட்டை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

மத்தியானம் வீடு திரும்பியபோதும் அது கூடவே வந்தது. பேய்களுக்கு நேராகப் போகத்தான் தெரியும், வளைந்து போகத் தெரியாது என்பதால் அந்த ஊரில் ஒவ்வொரு வாசலுக்கும் உள்ளே ஒரு குறுக்குச்சுவர் எழுப்பியிருப்பார்கள். தண்ணீர் அந்தச் சுவரைப் பதவிசாகச் சுற்றிக்கொண்டு முற்றத்துக்கு வந்ததைப் பார்த்த முர்னி, அப்படியானால் இது பேயில்லை என்று முடிவுசெய்து, "வந்ததுதான் வந்தே, காலைக் கழுவிக்கிட்டுச் சாப்பிட வா" என்றாள்.

மெர்த்தா முற்றத்துக்கு வந்தான். அவனுடைய வயல் கடைமடை. மேலே இருக்கிற வயல்களெல்லாம் குடித்து முடித்து, நண்டும் நத்தையும் குடித்து, கடைசியில் மிச்சமிருந்தால் மட்டும் அவனுக்கு. அவன் அப்பாவுக்கும் அப்படித்தான் இருந்தது. பயிர் மஞ்சளடித்துப் போவதை வரப்பில் குத்துக்காலிட்டுப் பார்த்துக்கொண்டிருப்பது அந்தக் குடும்பத்து ஆண்களுக்கு ஒரு வேலையைப் போலவே ஆகிவிட்டிருந்தது. முற்றத்தில் வானத்தைக் காட்டிக்கொண்டு நின்ற தண்ணீரை அவன் வெகுநேரம் பார்த்தான். பிறகு மகளைப் பார்த்தான்.

"லூ," என்றான். பெண்பிள்ளைகளை அங்கே அப்படித்தான் செல்லமாகக் கூப்பிடுவார்கள். "நம்ம வயல்வரைக்கும் பாபாகூட ஒரு நடை வர்றியா?"

அவள் சந்தோஷமாகப் போனாள். அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, வரப்பில் ஒரு காலும் சேற்றில் ஒரு காலுமாக, வயலைச் சுற்றிச் சுற்றி நடந்தாள். தண்ணீர் அவள் போன இடமெல்லாம் போய், வெடிப்புகளுக்குள் இறங்கி, களகளவென்று பேசி, நிறைந்தது. அன்று சாயங்காலம் கடைமடையில் தவளை கத்தியது. மெர்த்தா ஊர் முழுக்கக் கேட்கிற மாதிரி சிரித்தான். அவன் அப்படிச் சிரித்து ராஸ்னி பார்த்ததேயில்லை, அதனால் மறுநாள் அவன் கேட்காமலே, "பாபா, நடக்கப் போகலாமா?" என்று அவளே கேட்டாள்.

அந்த ஊரில் தண்ணீர் யாருக்கும் தனியாகச் சொந்தமில்லை. பங்குவைக்க ஒரு சங்கம், அந்தச் சங்கத்துக்கு ஒரு தலைவர். தர்ஸா என்று பெயர். வாழ்நாளில் குரலை உயர்த்திப் பேசாத மனிதர். அவர் வந்து முற்றத்து மேடையில் உட்கார்ந்து, முர்னி கொடுத்த காப்பியைக் குடித்து முடித்துவிட்டுச் சொன்னார்:

"மெர்த்தா, உன் வயல்ல தண்ணி நிக்குது. பார்த்தேன். கண்ணுக்கு நல்லாயிருக்கு."

"ஆமாங்க."

"பக்கத்து வயல் காய்ஞ்சு கிடக்குது. அதையும் பார்த்தேன்."

மெர்த்தா தலையைக் குனிந்துகொண்டான். "பிள்ளைய அனுப்பறேங்க" என்றான். அதட்டாத மனிதரிடம் மாட்டேன் என்று சொல்வது எப்படியென்று அவனுக்குத் தெரியவில்லை.

மண்டபத்தில் தொங்குகிற குடைந்த மரத்தை அடித்துக் கூட்டம் கூட்டினார்கள். ஏன் இப்படி என்று கேட்டவர் ஒருவர்கூட இல்லை. எந்த வழியாக என்றுதான் கேட்டார்கள். தலைமடையிலிருந்து தொடங்குவதா, கடைமடையிலிருந்து தொடங்குவதா, சரிவில் பிள்ளை வழுக்கி விழாமலிருக்க எங்கெங்கே மூங்கில் கட்டுவது, வெயில் ஏறுமுன் எந்தக் குடும்பம், ஏறியபின் எந்தக் குடும்பம், நடுவில் இளநீர் யார் கொடுப்பது என்று பொழுது சாய்கிறவரை நியாயமாகப் பேசினார்கள், ஒருவருக்கொருவர் விட்டுக்கொடுத்தார்கள், விதவைகளின் வயலுக்கு முதலிடம் தந்தார்கள். கடைசியில் கோயில் பூசாரி எழுந்து வந்து, கறுப்பும் வெள்ளையும் கட்டம்போட்ட துணியொன்றை ராஸ்னியின் இடுப்பில் சுற்றிக் கட்டினார்.

அந்தத் துணியை ஆலமரத்துக்குக் கட்டுவார்கள், சக்தியுள்ள பாறைக்குக் கட்டுவார்கள். கட்டியபிறகு அந்த மரத்தை யாரும் வெட்டுவதில்லை, அதில் ஏறுவதில்லை, அதன் எதிரே எச்சில் துப்புவதில்லை. ராஸ்னிக்கும் அப்படித்தான் ஆயிற்று. அவளை யாரும் திட்டவில்லை. கூடப்படிக்கிற பையன்கள் சடையை இழுக்கவில்லை. தாண்டுகயிறு ஆடுகிற பெண்கள் அவள் வந்தால் கயிற்றைச் சுருட்டி வைத்துக்கொண்டு மரியாதையாக நின்றார்கள், ஏனென்றால் சாமி மரத்தைப் பார்த்து "நீ அவுட்" என்று யார் சொல்வது? சனிக்கிழமைகளில் மண்டபத்துத் தரை நனைகிறது என்று நாட்டியம் சொல்லித்தருகிறவள், "அறுப்பு முடியட்டும் கண்ணு, அப்புறம் பார்க்கலாம்" என்றாள். ஆசிரியர் சிலநாள் வயலுக்கே வந்து வரப்பில் கூடவே நடந்தபடி பாடம் சொன்னார். ஒருநாள் வழுக்கிச் சேற்றில் விழுந்தார். பிறகு வரவில்லை, ஆனால் வருகைப் பதிவில் அவளை விடாமல் குறித்துவந்தார்.

இப்படியாக ராஸ்னி காலையில் எழுந்து நடந்தாள், வெயில் உச்சிக்கு வருகிறவரை நடந்தாள், ஒரு வீட்டில் முட்டையும் ஒரு வீட்டில் வறுத்த விலாங்குமாக எல்லோரும் தங்கள் வீட்டில் இருப்பதில் நல்லதை அவளுக்கு ஊட்டினார்கள், தின்றுவிட்டு மறுபடி நடந்தாள். தும்பிகள் அவள் தோளில் வந்து உட்கார்ந்தன. பிடிக்க நேரமில்லை.

பயிர் தொடையளவு வந்தபோது அவள் பாதங்கள் வெளுத்துப்போயின. எப்போதும் ஈரத்திலேயே இருந்த தோல் ஊறி, சுருங்கி, விரலிடுக்கில் பிளந்தது. முர்னி தேங்காயெண்ணெயில் மஞ்சளைக் குழைத்துத் தடவினாள். ஊர்ப்பெண்கள் ஆளுக்கொரு தைலம் கொண்டுவந்தார்கள், அவள் காலைத் தங்கள் மடியில் வைத்து ஊதினார்கள், சிலர் அழுதார்கள். அழுதுமுடித்துவிட்டு, "நாளைக்கு எங்க முறை, மறந்துடாதே அக்கா" என்று முர்னியிடம் சொல்லிவிட்டுப் போனார்கள்.

"எங்கே வலிக்குது, லூ?"

"எங்கெல்லாம் கால் இருக்கோ அங்கெல்லாம்."

"நாளைக்குப் போகாதே. நான் சொல்லிக்கிறேன்."

"போகலேன்னா வாத்துக்காரர் வயல் காய்ஞ்சிடும், மேமே. அவருக்கு நாளைக்குத்தான்."

முர்னி கோயிலுக்குப் போனாள். பூவும் பழமும் வறுத்த கோழியும் அடுக்கிய படையலைத் தலையில் சுமந்து, ஆற்றங்கரைக் கோயிலின் படிகளில் இறங்கிப் போய், பூசாரியின் காலடியில் வைத்தாள். "ஜெரோ மங்கு, நீங்க கேளுங்க," என்றாள். பூசாரியை அங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள். "தண்ணி வேற யார் பின்னாலயாவது போகக்கூடாதான்னு கேளுங்க. என் பின்னால வரட்டும். எனக்குப் பெரிய கால்."

பூசாரி மணியடித்தார், மந்திரம் சொன்னார், ஊதுவத்திப் புகை நேராக மேலே போவதை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் நல்லவர், பொய் சொல்ல விரும்பவில்லை.

"கேட்டேன்மா" என்றார். "சாமிங்க கேட்டுக்கிட்டாங்க. பதில் சொல்லலை."

அந்த வாரத்தில்தான் மலைப்பக்கத்திலிருந்து சுகாசி இறங்கி வந்தாள். முர்னியின் தங்கை. அவர்கள் பிறந்த ஊர் உமாதூர், மேல்வயல் என்று அர்த்தம். பெத்தேனுக்கு வருகிற வாய்க்கால் அந்த ஊரைத் தாண்டித்தான் வரும். இடுப்பில் கைக்குழந்தையும் தலையில் கூடையுமாக வந்தவள் கூடையை இறக்கி வைத்தாள். உள்ளே பிடுங்கிய நெற்பயிர்கள். வேரோடு காய்ந்து, தொட்டால் ஒடிந்தன.

"நம்ம அப்பா வயல்ல பிடுங்கினேன், அக்கா" என்றாள். "தண்ணி எங்க ஊர்ல நிக்கிறதில்லை. உன் பொண்ணைத் தேடிக்கிட்டு ஓடி வந்துடுது. வாய்க்கால்ல மீன் செத்துக்கிடக்கு. குழந்தைக்குப் பால் ஊறலை." அவள் சண்டைபோட வந்தவளில்லை, கேட்கவே கூச்சப்பட்டாள். "அவ உங்க ஊருக்குப் பொண்ணு. எங்க ஊருக்குப் பேத்தி. இல்லையா?"

இல்லை என்று முர்னியால் சொல்ல முடியவில்லை. தர்ஸாவாலும் முடியவில்லை. இரண்டு ஊர்ப் பெரியவர்களும் நடுவில் ஒரு பாறையில் உட்கார்ந்து மறுபடியும் நியாயமாகப் பேசி, காலையில் மேல்வயல், வெயில் தாழ்ந்தபின் கீழ்வயல் என்று முடிவுசெய்தார்கள். மெர்த்தா மகளை அழைத்துக்கொண்டு தினமும் மலையேறினான், தினமும் இறங்கினான். அவன் சிரிப்பதை நிறுத்தி வெகுகாலம் ஆகியிருந்தது. கடைமடையில் பயிர் கரும்பச்சையாக நின்றது. அவன் அந்தப் பக்கம் பார்க்காமலே கடந்து போனான்.

ஒருநாள் மலைப்பாதையில் அவள் காலில் ரத்தம் வந்தபோது அவன் அவளைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டான். கொஞ்சதூரம் போய்த் திரும்பிப் பார்த்தான். தண்ணீர் பின்னால் வரவில்லை. ராஸ்னி கடைசியாகக் கால் வைத்த இடத்தில், எசமானைத் தொலைத்த எருமைபோல, நின்றுகொண்டிருந்தது.

இது ஊருக்குத் தெரிந்ததும் எல்லோரும் மகிழ்ந்தார்கள். கதிர் முற்றிக்கொண்டிருந்தது, பழுக்கிற நெல்லுக்குத் தண்ணீர் ஆகாது. வயலை வடியவைக்க வேண்டும், பிள்ளையோ எங்கே போனாலும் தண்ணீரைக் கூட்டிக்கொண்டு வருகிறாள், என்ன செய்வது என்று இரண்டு ஊரும் குழம்பிக்கொண்டிருந்த சமயம் அது. அவளைப் பள்ளத்தாக்கின் அடிக்கு நடத்திக்கொண்டு போய், தண்ணீர் முழுவதும் வந்து சேர்ந்ததும், அப்படியே மூங்கில் பல்லக்கில் தூக்கி உட்காரவைத்து, மஞ்சள் குடை பிடித்து, வெண்கலத் தாளங்கள் முழங்க வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். தண்ணீர் பள்ளத்தாக்கு வழியாகக் கடலுக்குப் போய்க்கொண்டிருந்தது. வயல்கள் காய்ந்து, நெல் பொன்னாயிற்று.

அறுப்பு முடிகிறவரை ராஸ்னி தரையில் கால்வைக்கக் கூடாது. முற்றத்து மேடையில் பாய் விரித்து உட்கார்ந்திருந்தாள். ஒதுங்கப்போவதற்குக்கூடப் பலகை போட்டுக்கொடுத்தார்கள். மதிலுக்கு அந்தப்பக்கம் பிள்ளைகள் பட்டம்விடுகிற சத்தம் கேட்டது. வாலை மட்டும் பார்க்க முடிந்தது. ஆனால் அவள் பாதங்கள் உலர்ந்தன. செத்த தோல் உரிந்து, அடியிலிருந்து புதுத்தோல் வந்தது, பிறந்த குழந்தையின் உள்ளங்கால் மாதிரி, இளஞ்சிவப்பாக. முர்னி அந்தப் பாதங்களைத் தினமும் மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வீட்டு வேலை செய்யவில்லை, படையலுக்கு ஓலை முடையவில்லை, அறுப்புக்கும் போகவில்லை. உட்கார்ந்து அந்தப் பாதங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

யாரும் கண்டிராத விளைச்சல். முதல் கதிர்க்கட்டுகளைப் பூச்சூட்டிக் கொண்டுவந்து ராஸ்னியின் மேடையில் சாய்த்துவைத்தார்கள். பிறகு வயலில் நின்ற நெல்தாளை எரித்தார்கள், வாத்துகளை மேயவிட்டார்கள், நாற்றங்காலில் விதைத்தார்கள். விதைத்ததும் மண்டபத்து மரம் ஒலித்தது. தர்ஸா வந்து காப்பி குடித்தார்.

"நாற்று முளைச்சுடுச்சு" என்றார் மெதுவாக. "பிள்ளைய இறக்கிவிடலாம்."

முர்னி மேடையிலிருந்து மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். ஒன்பது வயசுக் கால்கள் அம்மாவின் முழங்காலுக்குக் கீழே தொங்கின.

"இறக்க மாட்டேங்க" என்றாள்.

தர்ஸா கோபப்படவில்லை. காப்பிக் கோப்பையைத் தட்டில் சத்தமில்லாமல் வைத்தார். "நாங்க பலவந்தம் பண்ண மாட்டோம்மா. தாய் கையில இருக்கிற பிள்ளைய யாரும் தொடமாட்டோம். ஆனா ஊர்க்காரியத்துக்கு வராத வீட்டுக்கு ஊரும் வரமுடியாது. இந்த வீட்டுல நாளைக்கு ஒரு சாவு விழுந்தா யார் தூக்குவாங்கன்னு மட்டும் நினைச்சுப் பாரு." மிரட்டவில்லை, உண்மையிலேயே வருந்தித்தான் சொன்னார். அதுதான் மெர்த்தாவுக்குத் தாங்கமுடியாமல் இருந்தது.

அவர் போனபிறகு முர்னி சொன்னாள், "பிளி, இங்கேயிருந்து போயிடலாம்." பிளி என்றால் அண்ணன், மனைவி கணவனையும் அப்படித்தான் கூப்பிடுவாள். "துறைமுகத்துப் பக்கம் உங்க பெரியப்பா மகன் இருக்காரே. அங்கே வயலும் இல்லை, வாய்க்காலும் இல்லை. வழியில கால் கீழே படாம கொண்டுபோயிட்டா, தண்ணிக்கு எப்படித் தெரியும்?"

மறுநாள் விடிந்ததும் கிளம்பினார்கள். மெர்த்தா மகளை முதுகில் தூக்கிக்கொண்டான்; முர்னி ஒரு மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டாள். ராஸ்னியின் இடுப்பில் கட்டியிருந்த கட்டத்துணியை அவிழ்த்து மேடையில் மடித்து வைத்திருந்தாள். வாசல் தாண்டித் தெருவில் இறங்கியபோது மதிலோரம் ஊர் நின்றிருந்தது. கோயிலுக்குப் போகிற உடையில், இடுப்பில் கச்சையும் தலையில் துணியுமாக எல்லோரும். யாரும் வழியை மறிக்கவில்லை. ஒதுங்கி இடம்விட்டார்கள். அவர்கள் நடந்ததும் பின்னால் நடந்தார்கள்.

காய்ந்த நாற்றங்கால்களின் நடுவே பாதை போயிற்று. விரலளவு நாற்றுகள் நுனி கருகி நின்றன. உமாதூர்ப் பிரிவில் மேல்வயல்காரர்கள் காத்திருந்தார்கள், அவர்களும் பேசாமல் பின்னால் சேர்ந்துகொண்டார்கள். மெர்த்தா களைத்தபோது முர்னி வாங்கிக்கொண்டாள், முர்னி களைத்தபோது மெர்த்தா. கை மாறும்போதெல்லாம் கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொள்வது கேட்டது. பெரிய சாலைக்கு வந்து பஸ்ஸை நிறுத்தினார்கள். ஓட்டுநர் அந்தப் பக்கத்து ஊர்க்காரன். பிள்ளையைப் பார்த்தான், பிள்ளையின் பின்னால் சாலை வளைவுவரை நிற்கிற ஜனங்களைப் பார்த்தான். இறங்கி வந்து ராஸ்னியைக் கைகூப்பிக் கும்பிட்டான். "மன்னிச்சுக்கங்க அண்ணே," என்று மெர்த்தாவிடம் சொல்லிவிட்டு ஏறி, வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

அவர்கள் நடந்தார்கள். கடல் எங்கேயோ தூரத்தில் தகடுபோல் தெரிந்தது. வெயில் ஏறியது. மெர்த்தா சாலையோரக் கல்லில் உட்கார்ந்தான், மகளின் கால்களை மடித்துத் தன் மடிமேல் வைத்துக்கொண்டு. இரண்டு ஊர் ஜனங்களும் சாலையோரம் உட்கார்ந்தார்கள். யாரோ இளநீர் கொண்டுவந்து கொடுத்தார்கள். யாரோ விசிறினார்கள். அவன் எழுந்தபோது அவர்களும் எழுந்தார்கள்.

முர்னியின் கைகள் மரத்துப்போனபோது சுகாசி கூட்டத்திலிருந்து முன்னால் வந்தாள்.

"அக்கா, கொடு. கொஞ்சநேரம் நான் வச்சிருக்கேன். இறக்க மாட்டேன்."

முர்னி தங்கையைப் பார்த்தாள். உதடு வெடித்திருந்தது. ரவிக்கை தோளில் தொளதொளத்தது. இவள் வயல் காய்ந்து கிடக்கிறது, இவள் இறக்கிவிடாமல் இருப்பாளா என்று நினைத்தாள், நினைத்ததற்கு வெட்கப்பட்டாள், மகளைக் கொடுத்தாள்.

சுகாசி தன் குழந்தையை ஓரமாகப் புல்லில் உட்காரவைத்துவிட்டு ராஸ்னியை வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். சொன்னபடியே இறக்கவில்லை. அவளிடம் பலமில்லை, கொஞ்சநேரத்திலேயே கைகள் நடுங்கின, கழுத்து நரம்பு புடைத்தது, பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். கீழே குழந்தை அழுதது. வாய் திறந்திருந்ததே தவிர சத்தம் பெரிதாக வரவில்லை, காய்ந்த புல்லைப் பிடுங்கி வாயில் வைத்துக்கொண்டது.

ராஸ்னி அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சித்தி, இறக்கிவிடுங்க."

"மாட்டேன், லூ. உங்க மேமேகிட்ட சொல்லியிருக்கேன்."

"உங்களுக்குக் கை நடுங்குது."

"நடுங்கட்டும்."

"நானே இறங்கிக்கிறேன்" என்றாள் ராஸ்னி. சுகாசியின் கைகளை மெல்ல விலக்கிக்கொண்டு, ஒரு மரத்திலிருந்து சறுக்கி இறங்குகிற மாதிரி இறங்கி, இரண்டு கால்களையும் சாலையில் வைத்தாள். தார் சுட்டது; காலை மாற்றி மாற்றி வைத்தாள்.

முர்னி பாய்ந்து வந்து தூக்குவதற்குள் பள்ளத்தாக்கின் பக்கமிருந்து சத்தம் கேட்டது. பெருங்கூட்டம் ஒன்று வெறுங்காலோடு ஓடிவருகிற மாதிரி. ஜனங்கள் அழுதபடி ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டார்கள், சிலர் மண்டியிட்டார்கள். தண்ணீர் புதர்களுக்குள்ளிருந்து வெளியே வந்து சாலையைக் கடந்து எல்லோருடைய கணுக்கால்களையும் நனைத்துக்கொண்டு ராஸ்னியிடம் வந்து நின்றது. சுகாசி குனிந்து கையில் அள்ளித் தன் குழந்தைக்குக் குடிக்கக் கொடுத்தாள். கொடுத்துக்கொண்டே அக்காவை நிமிர்ந்து பார்க்க முடியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ராஸ்னி கூட்டத்தில் தர்ஸாவைத் தேடினாள்.

"இன்னைக்கு முதல்ல யார் வயலுக்கு?" என்று கேட்டாள்.

அத்தனை காலமும் யாருக்கு முதலில் யாருக்குப் பிறகு என்று தவறாமல் சொல்லிவந்த மனிதருக்கு அன்று வாய் வரவில்லை. தலைத்துணியைக் கழற்றி முறுக்கிக்கொண்டே நின்றார். வேறு யாரும் தங்கள் பெயரைச் சொல்லவில்லை. ராஸ்னி காத்திருந்து பார்த்தாள். பெரியவர்கள் எல்லோரும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு அவள் மலைப்பக்கமாகத் திரும்பி, கருகிய நாற்றங்கால் எந்த வீட்டுடையதானாலும் சரி, முதலில் வருவதிலிருந்து தொடங்கலாம் என்பதுபோல, வந்த வழியே நடக்க ஆரம்பித்தாள். கூட்டம் இரண்டாகப் பிரிந்து வழிவிட்டது. மெர்த்தா சாலை நடுவில் உட்கார்ந்துவிட்டான். தண்ணீர் அவனைச் சுற்றிக்கொண்டு போயிற்று.

முர்னி தலையிலிருந்த மூட்டையைப் போட்டுவிட்டு ஓடினாள். மகளை எட்டிப்பிடித்ததும் தூக்குவதற்குக் கையை நீட்டினாள். ராஸ்னி இல்லையென்று தலையாட்டினாள். ஆகவே முர்னி செருப்பைக் கழற்றி வீசிவிட்டு, அவள் கையைப் பிடித்துக்கொண்டு, அவளுடைய சின்ன அடிகளுக்குத் தன் அடியைக் குறுக்கிக்கொண்டு, கூடவே நடந்தாள்.